தானே ஆறும் கான்கிரீட்: காண்ட்ராக்டர் டப்பா கொண்டுவந்து நிற்கிறார், நம்பலாமா?

சேகர்_கடலூர் · திங்கள், இரவு 9:12

வணக்கம். கடலூர் தேவனாம்பட்டினம் பக்கம், கடலிலிருந்து இரண்டு தெரு தள்ளி அப்பா 1994இல் கட்டிய வீடு எங்களுடையது. இப்போது பின்பக்கம் ஒரு சம்ப், மாடியில் ஒரு கான்கிரீட் தண்ணீர்த் தொட்டி கட்டப்போகிறோம். காண்ட்ராக்டர் ஒரு பவுடர் டப்பாவைக் கொண்டுவந்து மேசையில் வைத்து, "இதைக் கலந்துட்டா விரிசல் விட்டாலும் தானா மூடிக்கும் சார், உடம்புல காயம் ஆறுற மாதிரி" என்கிறார். அதோடு விடவில்லை. பழைய வீட்டு சன்ஷேடின் அடியில் நீளவாக்கில் ஒரு வெடிப்பு ஓடுகிறது, அதற்கும் இதையே குழைத்துப் பூசிவிடலாமாம்.

தங்கை மகன் செல்போனில் எதையோ படித்துவிட்டு, "மாமா, பாக்டீரியா சிமென்ட்டைத் தின்னு சுண்ணாம்பு கக்குமாம்" என்று இன்னும் குழப்பிவிட்டான். இது நிஜமான அறிவியலா, டப்பா விற்கிற பேச்சா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

கலவை_மூர்த்தி · திங்கள், இரவு 9:50

சேகர் சார், இரண்டையும் தனித்தனியாகப் பார்ப்போம். முதலில் தொட்டி.

டப்பா எதுவும் போடாத சாதாரண கான்கிரீட்டே கொஞ்சம் தானாக ஆறும். புதுத் தொட்டியில் முதல் தடவை தண்ணீர் நிரப்பும்போது சுவரில் அங்கங்கே வியர்த்த மாதிரி ஈரம் தெரியும். வீட்டுக்காரர் பதறுவார், பழைய மேஸ்திரி பதற மாட்டார். "தண்ணி நிக்கட்டும், தானா அடைஞ்சிரும்" என்று சொல்லிவிட்டு டீ குடிக்கப் போய்விடுவார். அவர் சொல்வது சரி. உள்ளே தண்ணீர் கிடைக்காமல் மிச்சமிருந்த சிமென்ட் துகள் இப்போது ஈரம் பட்டதும் மறுபடி இறுகும். கரைந்து வரும் சுண்ணாம்பு கரியமில வாயுவோடு சேர்ந்து விரிசலுக்குள் வெள்ளையாகப் படியும். பிரிட்டனின் பி.எஸ். 8007 விதிகளில் இதற்கென்றே அவகாசம் எழுதி வைத்திருந்தார்கள்: விரிசல் 0.1 மி.மீ. வரை வரலாம் என்று வடிவமைத்த தொட்டி என்றால் கசிவுச் சோதனைக்கு முன் 7 நாள், 0.2 மி.மீ. என்றால் 21 நாள் தண்ணீரோடு விட்டுவைக்க வேண்டும்.

கண்ணளவுக்கு ஒரு வழி: ஜெராக்ஸ் பேப்பர் ஒன்றின் கனம் சுமார் 0.1 மி.மீ. இரண்டு தாள் கனத்துக்கு மேல் போன விரிசல் சும்மா தண்ணீர் நிறுத்தி மூடாது. அந்த இடைவெளியைத்தான் உங்கள் காண்ட்ராக்டர் டப்பாவை வைத்து அடைக்கப் பார்க்கிறார். அது அநேகமாகப் படிகம் வளரவைக்கும் கலவைப்பொருள், பாக்டீரியா இல்லை. டப்பாவின் பின்பக்கத்தைப் படம் எடுத்துப் போடுங்கள். சன்ஷேடையும் படம் எடுங்கள். அது வேறு கதை போலத் தோன்றுகிறது.

பின்பெஞ்ச்_வேதியியல் · திங்கள், இரவு 10:31

உங்கள் மருமகன் பாதி சரியாகப் படித்திருக்கிறான். பாக்டீரியா உண்மை. ஆனால் அது சிமென்ட்டைத் தின்னாது, சாப்பாட்டை நாம்தான் கட்டிக்கொடுத்து அனுப்ப வேண்டும்.

நெதர்லாந்தின் டெல்ஃப்ட் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தில் ஹெங்க் யோங்கர்ஸ் என்ற நுண்ணுயிரியலாளர் 2006 வாக்கில் இதில் இறங்கினார். கான்கிரீட்டுக்குள் காரத்தன்மை பி.எச். 12க்கு மேல், நம் கையே வெந்துபோகும். அதைத் தாங்குகிற பேசிலஸ் வகைகள் சோடா ஏரிகளில் இருக்கின்றன. உலர்ந்துபோனால் அவை வித்தாகச் சுருண்டுகொள்ளும். தண்ணீரும் சாப்பாடும் இல்லாமல் பல பத்தாண்டுகள் அப்படியே கிடக்கும். சாப்பாடு கால்சியம் லாக்டேட். விரிசல் விட்டு மழைத்தண்ணீர் உள்ளே போனால் வித்து விழிக்கும், லாக்டேட்டைத் தின்னும், கால்சியம் கார்பனேட்டை, அதாவது சுண்ணாம்புக்கல்லை, வெளியே விடும். ஆய்வகத்தில் 0.8 மி.மீ. அகல விரிசல் வரை மூடிக் காட்டினார்கள். மூர்த்தி சார் கணக்கில் எட்டுத் தாள்.

எனக்குப் பிடித்தது இதில் சறுக்கிய இடம். முதலில் வித்துகளை நேரடியாகக் கலவையில் கொட்டினார்கள். சில மாதத்தில் எல்லாம் செத்துவிட்டன. சிமென்ட் இறுக இறுக உள்ளே இருக்கும் துளைகள் சுருங்கி வித்துகளை நசுக்கிவிடுகின்றன. அப்புறம்தான் பொரித்த களிமண் உருண்டைகளுக்குள் வித்தையும் தீனியையும் அடைத்துப் போட்டார்கள். பொரிகடலை மாதிரி இருக்கும், உள்ளே எல்லாம் காற்றறை. விரிசல் ஓடும்போது அந்த உருண்டையும் சேர்ந்து உடையும், சங்கதி வெளியே வரும்.

யூரியாவைத் தின்கிற வகையும் உண்டு. வேகமாக வேலை செய்யும், ஆனால் அமோனியாவும் கூடவே வரும். எங்கள் கல்லூரியில் ஒரு மாணவி அதைச் செய்துபார்த்தாள். அந்த வாரம் ஆய்வகத்தில் பஸ் ஸ்டாண்டு கழிப்பறை வாடை. பக்கத்து வகுப்பிலிருந்து ஆள் அனுப்பி விசாரித்தார்கள்.

டப்பா_சந்தேகம் · செவ்வாய், காலை 7:05

நான் இந்தப் பேச்சைப் பல வருடமாகக் கேட்கிறேன். 2001இல் இல்லினாய் பல்கலைக்கழகத்தில் ஸ்காட் வைட், நான்சி சோட்டோஸ் குழு எப்பாக்சி என்ற பிசினுக்குள் பசை நிரப்பிய குட்டிக் குமிழ்களைப் போட்டு, விரிசல் வந்தால் குமிழ் உடைந்து பசை ஒழுகி ஒட்டும் என்று காட்டினார்கள். முறிவைத் தாங்கும் திறனில் 75 சதவீதம் வரை திரும்ப வந்தது. பிரமாதம். ஆனால் அதே இடத்தில் இரண்டாவது தடவை விரிந்தால்? குமிழ் காலி. 2007இல் அதே குழு ரத்தக்குழாய் மாதிரி மெல்லிய குழாய் வலை வைத்து ஏழு தடவை வரை ஒட்டவைத்தார்கள். எட்டாவது தடவைக்கு என்ன செய்வீர்கள்?

போன வருடம் காருக்கு "கீறல் தானே மறையும்" என்று ஒரு ஒளிபுகும் ஃபிலிம் ஒட்டினேன். கடைக்காரர் பித்தளை பிரஷ்ஷால் என் கண் முன்னால் தேய்த்து, வெந்நீர் ஊற்றி மறையவைத்துக் காட்டினார். மயங்கிவிட்டேன். பார்க்கிங்கில் யாரோ சாவியால் இழுத்துவிட்டுப் போனது இன்றுவரை மறையவில்லை. கடையில் கேட்டால் "அது கீறல் இல்ல சார், வெட்டு" என்றார்கள். இப்படி ஒரு அகராதி இருப்பது எனக்கு அன்றுதான் தெரிந்தது.

வைண்டிங்_பாய் · செவ்வாய், காலை 11:40

சந்தேகம் அண்ணே, கோபப்படாமல் கொஞ்சம் மேலே பாருங்கள். ஃபேன் ஓடுகிறதா? அதன் கண்டன்சர் தானே ஆறும் சாமான்தான். எத்தனையோ வருடமாக எல்லோர் தலைக்கு மேலும் சுற்றிக்கொண்டிருக்கிறது, யாரும் கண்டுகொள்ளவில்லை.

உள்ளே பிளாஸ்டிக் ஃபிலிம் சுருள். அதன் மேல் அலுமினியமோ துத்தநாகமோ ஆவியாகப் படியவைத்த பூச்சு, கையால் தடவினால் வந்துவிடும், அவ்வளவு மெலிசு. ஃபிலிமில் ஏதோ ஒரு இடம் பலவீனமாகி ஓட்டை விழுந்தால் அங்கே ஒரு பொறி பறக்கும். அந்தச் சூட்டில் ஓட்டையைச் சுற்றியிருக்கும் உலோகப் பூச்சு ஆவியாகிவிடும். உலோகம் இல்லாத இடத்தில் ஷார்ட் எப்படி ஆகும்? முடிந்தது வேலை. ஃபேன் நிற்கவே நிற்காது, உங்களுக்குத் தெரியவும் தெரியாது.

ஆனால் ஒவ்வொரு தடவையும் பூச்சில் ஒரு பொட்டு போய்விடும். பொட்டுப் பொட்டாகப் போய், 2.5 மைக்ரோஃபாரட் என்று மேலே அச்சடித்த கண்டன்சர் பல வருடம் கழித்துக் குறைந்து நிற்கும். நேற்று ஒரு வீட்டில் கழற்றியது மீட்டரில் 1.6 காட்டியது. வீங்கவில்லை, கருகவில்லை, பார்க்கப் புதுசு மாதிரி. அந்த அம்மா, "பாய், ஃபேன் அஞ்சுல வச்சாலும் மூணுல சுத்துது" என்றார்கள். நிறைய வீட்டில் அதுதான் காரணம். காயிலைக் குற்றம் சொல்லி ரீவைண்டிங் போடுகிறவர்களும் இருக்கிறார்கள், அதை இங்கே பேச வேண்டாம்.

பின்பெஞ்ச்_வேதியியல் · செவ்வாய், மதியம் 1:15

பாய், இதை அப்படியே வகுப்பில் சொல்லப்போகிறேன்.

சேகர் சாருக்கும் இதுதான் பதில் என்று நினைக்கிறேன். "தானாக ஆறுமா" என்று கேட்காதீர்கள். எதைச் செலவழித்து ஆறும், அந்தச் சரக்கு எவ்வளவு இருப்பு இருக்கிறது என்று கேளுங்கள். கண்டன்சர் தன் பரப்பளவைக் கொடுக்கிறது. எப்பாக்சி தன் குமிழைக் கொடுக்கிறது. பாக்டீரியா கான்கிரீட்டில் லாக்டேட் தீரும்வரைதான் கதை. சாதாரண கான்கிரீட்டில் மிச்ச சிமென்ட். சந்தேகம் சார் காரில் ஒட்டிய ஃபிலிம் எதையும் இழப்பதில்லை, அதன் மேல்பூச்சு சூட்டில் இளகிப் பழைய வடிவத்துக்குத் திரும்புகிறது, அவ்வளவுதான். அதனால்தான் சதை அப்படியே இருந்து அமுங்கிய கோடு மறைகிறது, சதையே அறுந்த வெட்டு மறைவதில்லை. கடைக்காரர் சொன்னது எரிச்சலாக இருந்தாலும் அறிவியல்படி சரி.

டப்பா_சந்தேகம் · செவ்வாய், மதியம் 1:22

சரி. ஃபிலிம் ஒட்டுவதற்கு முன்னால் சொல்லியிருக்கலாம் என்பதுதான் என் வழக்கு.

உப்புக்காற்று · செவ்வாய், மாலை 6:48

அரிப்புத் துறையில் முப்பத்தொரு வருடம் இருந்து ஓய்வு பெற்றவன். காரைக்குடி மத்திய மின்வேதியியல் ஆராய்ச்சி நிறுவனத்துக்காரர்கள் மண்டபம் கடற்கரையில் இரும்புத் தகடுகளைக் காயப்போட்டு வைத்திருப்பதைப் பார்த்துத்தான் எனக்கு இந்தத் துறையில் ஆசையே வந்தது. சேகர் தம்பி போட்ட சன்ஷேடு படத்தைப் பார்த்தேன். வெடிப்பு கம்பி போகும் கோட்டிலேயே ஓடுகிறது, ஓரத்தில் பழுப்புக் கறை. டப்பாவை மூடி வையுங்கள்.

ஊறுகாயை எவர்சில்வர் டப்பாவில் வைக்காதே என்று வீட்டில் சொல்வார்களே, அதிலிருந்து ஆரம்பிக்கிறேன். எவர்சில்வர் துருப்பிடிக்காததற்குக் காரணம் அதில் கலந்திருக்கும் குரோமியம். அது காற்றோடு சேர்ந்து மேலே ஒரு ஆக்சைடு தோலை உண்டாக்கும். சில நானோமீட்டர்தான் கனம். தேங்காய் நாரால் பரபரவென்று தேய்த்துத் தோலை உரித்தாலும் உடனே மறுபடி வளர்ந்துவிடும். காற்றில் ஆக்சிஜன் இருக்கும்வரை, உள்ளே குரோமியம் இருக்கும்வரை. வேதியியல் வாத்தியார் கேட்ட கணக்குப்படி, இருப்பு ஏராளமாக உள்ள கேஸ் இது. ஆனால் உப்பு, அதாவது குளோரைடு, அந்தத் தோல் ஆறவிடாமல் ஒரே புள்ளியில் குடைந்துகொண்டே போகும். ஊறுகாய் டப்பாவின் அடியில் ஊசி முனை அளவு ஓட்டை விழுவது அப்படித்தான். ஜாடியைக் கண்டுபிடித்த பாட்டிக்கு இது தெரியும்.

இப்போது கான்கிரீட்டுக்குள் இருக்கும் கம்பி. அது சாதாரண இரும்பு, குரோமியம் கிடையாது. ஆனால் சுற்றியுள்ள சிமென்ட்டின் காரத்தில் அதற்கும் இப்படி ஒரு தோல் உண்டாகும், கீறினால் தானாக ஆறும். உங்கள் வீட்டில் 1994இலிருந்து வேலை பார்த்த உண்மையான "தானே ஆறும் பொருள்" அதுதான். அது செத்துப்போக இரண்டு வழி. ஒன்று, காற்றின் கரியமில வாயு மெல்ல மெல்ல உள்ளே இறங்கிக் காரத்தை பி.எச். 9 வாக்கில் கொண்டுவந்துவிடும். இன்னொன்று, உப்புக்காற்று. நீங்கள் கடலிலிருந்து இரண்டு தெரு. சன்ஷேடில் கம்பிக்கு அடியில் கவர், அதாவது கம்பியை மூடும் கான்கிரீட் கனம், எத்தனை போட்டிருப்பார்கள்? அந்தக் காலத்தில் கம்பியைத் தூக்கி நிறுத்தும் கவர் பிளாக் என்ற ஒன்றே பல இடத்தில் கிடையாது, ஜல்லிக்கல்லை முட்டுக் கொடுத்து விடுவார்கள்.

தோல் போனதும் கம்பி துருவாகும். துரு, தின்ற இரும்பைப் போல இரண்டிலிருந்து ஆறு மடங்கு இடம் கேட்கும். உள்ளிருந்து தள்ளித்தான் கான்கிரீட் வெடிக்கிறது. அந்த வெடிப்பை மேலே பூசி மூடினால் கம்பி உள்ளே தள்ளுவதை நிறுத்துமா? பாக்டீரியா எவ்வளவு சுண்ணாம்பு போட்டாலும் துரு அதையும் சேர்த்து உடைத்துவிட்டுப் போகும். சுத்தியலை எடுத்து அடியில் மெல்லத் தட்டிப் பாருங்கள். கணீரென்று கேட்டால் பிழைத்தீர்கள். டொக்கு டொக்கு என்று வெற்றுச் சத்தம் கேட்டால், தயவுசெய்து அதன் கீழே பிள்ளைகளை உட்காரவிடாதீர்கள்.

டெல்ஃப்ட்_பக்கத்து_ஊர் · செவ்வாய், இரவு 11:55

எல்லாருக்கும் வணக்கம். யாழ்ப்பாணத்திலிருந்து வந்து நெதர்லாந்தில் இருபத்திரண்டு வருடம், லொறி ஓடுகிறேன். டெல்ஃப்ட் என்று வாசித்ததும் எழுதாமல் இருக்க முடியவில்லை. இங்கே ஃபிளிசிங்கன் பக்கம் ஏ58 நெடுஞ்சாலையில் 2010இல் ஒரு துண்டு றோட்டுக்குத் தாரோடு இரும்புக் கம்பளியைக் கலந்து போட்டவை. ஓம், பானை தேய்க்கிற அதே சாதி உருக்கு நூல்தான். டெல்ஃப்டில் எரிக் ஷ்லாங்கன் என்ற பேராசிரியரின் வேலை. இங்கே றோட்டுகள் பெரும்பாலும் துளைத் தார், மழைத்தண்ணி உள்ளே வடிந்துவிடும், சத்தமும் குறைவு, ஆனால் கல் கழன்றுபோகிற வருத்தம் இருக்கிறது. அதற்குத்தான் இந்த வைத்தியம். சில வருடத்துக்கு ஒருக்கா ஒரு வண்டி மேலால் போகும். எங்கட வீட்டு இன்டக்சன் அடுப்பு மாதிரி அது இரும்பு நூலை மட்டும் சூடாக்க, சுற்றியிருக்கிற தார் இளகி, வெடிப்பு ஒட்டிவிடும்.

ஓடும்போது ஒரு வித்தியாசமும் தெரியாது. தெரியாமல் இருப்பதுதான் அதன் கெட்டித்தனம் என்று நினைக்கிறேன்.

கலவை_மூர்த்தி · புதன், காலை 8:20

அருமை அண்ணா. ஆனால் கவனியுங்கள், அது "தானே" ஆறவில்லை, ஒருவர் வண்டி ஓட்டிவர வேண்டும். நம் ஊர் வெயிலில் தார் இளகுவதற்குப் பஞ்சமே இல்லை. நம் ரோடு போவது வேறு காரணத்தால். ஓரத்தில் வடிகால் இல்லாமல் தண்ணீர் தேங்கி அடித்தளமே ஊறிவிடுகிறது. அதற்கு இரும்புக் கம்பளி போட்டால் கம்பளிதான் துருப்பிடிக்கும்.

காரைவீட்டு_ஆச்சிமகன் · புதன், காலை 10:02

எல்லோரும் சிமென்ட்டையே பேசுகிறீர்கள். சுண்ணாம்பும் கடுக்காயும் வெல்லமும் போட்டு அரைத்துக் கட்டிய எங்கள் வீடு நூறு வருடம் தாண்டி நிற்கிறது. ரோமாபுரியின் பாந்தியன் கோயில் குவிமாடம், 43 மீட்டர் அகலம், உள்ளே ஒரு கம்பி கிடையாது, 1,900 வருடமாக நிற்கிறது. 2023இல் எம்.ஐ.டி.யில் (குரோம்பேட்டை இல்லை, அமெரிக்காவில்) அட்மிர் மாசிச் குழு ஏன் என்று ஒரு பதில் சொன்னார்கள். ரோமானியக் காரையில் வெள்ளை வெள்ளையாகச் சுண்ணாம்புக் கட்டிகள் கிடக்கும். சரியாகக் கலக்காத சோம்பேறி வேலை என்றுதான் அதுவரை நினைத்திருந்தார்கள். இவர்கள் பிரிவெர்னம் என்ற பழைய ஊரின் மதில் சுவரிலிருந்து துண்டு எடுத்துப் பார்த்து, நீற்றாத சுண்ணாம்பைச் சூட்டோடு கலந்ததால் வந்த கட்டிகள் என்றார்கள். விரிசல் கட்டியின் வழியாக ஓடும், மழைத்தண்ணீர் சுண்ணாம்பைக் கரைத்து விரிசலிலேயே மறுபடி படியவைக்கும். அதே முறையில் கான்கிரீட் செய்து, உடைத்து, அரை மி.மீ. இடைவெளி விட்டுத் தண்ணீர் ஓடவிட்டார்கள். இரண்டு வாரத்தில் தண்ணீர் நின்றுவிட்டது. சுண்ணாம்புக் கட்டி இல்லாத துண்டில் ஓடிக்கொண்டே இருந்தது.

பழைய_கொத்தன் · புதன், இரவு 8:30

தம்பி, நான் சுண்ணாம்பு வேலை தெரிந்த கடைசி ஆட்களில் ஒருத்தன். எங்கள் அப்பா காலத்தில் மாடு கட்டிச் செக்கில் சுண்ணாம்பு அரைப்பார்கள். கட்டி ஒன்று தப்பினால் அடி விழும். நீறாத கட்டி பூச்சுக்குள் போனால் பிறகு ஈரம் குடித்து ஊதி, சுவரில் அம்மைக் கொப்புளம் மாதிரி தெறிக்கும். ரோமாபுரிக்காரன் கனமான சுவரில் எரிமலைச் சாம்பலோடு போட்டான், அது வேறு. வழுவழுவென்று செட்டிநாட்டுப் பூச்சு பூசுகிறவன் கட்டியை விட்டால் கூலி கிடைக்காது. ஆறுவதற்குச் சுண்ணாம்பு கட்டியாகத்தான் இருக்க வேண்டும் என்றும் இல்லை. நன்றாக அரைத்த காரையிலும் முடி விரிசல் மழைக்கு மழை அடைபடும், கண்ணால் பார்த்திருக்கிறேன்.

அணைக்கட்டு_ஆர்வலன் · புதன், இரவு 9:04

அப்படியானால் 1895இல் சுண்ணாம்பும் சுர்க்கியும் (செங்கல் பொடி) வைத்துக் கட்டி முடித்த முல்லைப் பெரியாறு அணையும்

நெறியாளர் · புதன், இரவு 9:06

வேண்டாம். போன தடவை அந்த இழை நாற்பது பக்கம் போய்ப் பூட்டினோம். மீதியை வெட்டியிருக்கிறேன்.

மூன்றாமாண்டு_மெக்கானிக்கல் · வியாழன், மாலை 5:17

உலோகத்திலேயே நடக்கிறது சார்! 2023இல் அமெரிக்காவின் சாண்டியா ஆய்வகத்தில் 40 நானோமீட்டர் கனமுள்ள பிளாட்டினத் தகட்டை நொடிக்கு 200 தடவை இழுத்துச் சோதித்தார்கள். விரிசல் வளர்வதைப் பார்க்கத்தான் செய்தார்கள். சுமார் நாற்பது நிமிடத்தில் விரிசலின் ஒரு பகுதி தானாக ஒட்டிக்கொண்டது! மைக்கேல் டெம்கோவிச் 2013இலேயே கணினியில் கணித்துச் சொன்னது. 2021இல் கொல்கத்தா ஐசர் என்ற அறிவியல் ஆராய்ச்சி நிறுவனமும் கரக்பூர் ஐ.ஐ.டி.யும் சேர்ந்து, உடைத்தால் மில்லிநொடியில் ஒட்டிக்கொள்ளும் படிகம் செய்தார்கள். துண்டுகளில் எதிரெதிர் மின்னூட்டம் வந்து ஒன்றையொன்று இழுக்கும்.

டப்பா_சந்தேகம் · வியாழன், மாலை 5:40

தம்பி, பிளாட்டினம் ஒட்டியது வெற்றிடத்தில். காற்றுப் பட்டிருந்தால் வெட்டு வாயில் அழுக்கு படிந்திருக்கும். ஆனால் ஒப்புக்கொள்கிறேன், இதைப் படித்தபோது எனக்கும் புல்லரித்தது. சேகர் சாரின் சன்ஷேடைப் பிளாட்டினத்தில் போட முடியாது என்பது ஒன்றுதான் குறை.

சேகர்_கடலூர் · ஏழு வாரம் கழித்து, ஞாயிறு காலை 10:20

எல்லோருக்கும் நன்றி. நடந்ததைச் சொல்கிறேன்.

உப்புக்காற்று ஐயா சொன்னபடி சுத்தியலால் தட்டினேன். மூன்றாவது தட்டில் தட்டு அளவு ஒரு காரைத் துண்டு காலடியில் விழுந்தது. உள்ளே கம்பி பென்சில் கனத்துக்கு வந்திருந்தது, மேலே அடுக்கு அடுக்காகத் துரு, வாழைப்பட்டை மாதிரி உரிந்தது. சன்ஷேடை முழுதாக இடித்துவிட்டோம். புதிதாகப் போட்டதில் கவர் பிளாக்கை நானே எண்ணி வைத்தேன். காண்ட்ராக்டருக்குக் கொஞ்சம் வருத்தம்.

தொட்டிக்கு டப்பா வாங்கவில்லை. அந்தப் பணத்தில் பதினான்கு நாள் விடாமல் தண்ணீர் விட ஆள் வைத்தேன். நிரப்பிய அன்று கிழக்குச் சுவரில் இரண்டு இடத்தில் வியர்த்தது. சாக்பீஸால் ஈரத்தைச் சுற்றிக் கோடு போட்டுத் தேதி எழுதினேன். நான்காம் நாள் ஒன்று கோட்டுக்குள் சுருங்கியது, ஒன்பதாம் நாள் காய்ந்து, அந்த இடத்தில் விபூதிக் கீற்று மாதிரி ஒரு வெள்ளைக் கோடு. இன்னொன்று இருபத்தோராம் நாளும் ஈரமாகவே இருக்கிறது. இரண்டு தாள் மடித்து நுழைத்துப் பார்த்தேன், நுழைகிறது. படம் இணைத்திருக்கிறேன். மூர்த்தி சார், இதற்கு என்ன செய்வது?

கலவை_மூர்த்தி · ஞாயிறு, காலை 10:41

தொட்டியைக் காலி செய்யுங்கள், உள்பக்கம் காயட்டும். அது விரிசலா, கலவை ஊற்றியபோது இடையில் நிறுத்திய மூட்டா என்று முதலில் பார்க்க வேண்டும். படத்தில் கோடு நேராகப் போகிறது. அன்று மதியச் சாப்பாட்டுக்கு எத்தனை மணி நேரம் விட்டார்கள்?